டிக்கோயா வீட்டை வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்

தம்பி,

நீ போனை எடுக்காததால் எழுதுகிறேன். எடுத்திருந்தாலும் என்னால் இவ்வளவையும் சொல்லியிருக்க முடியாது. நீ ஒன்று சொல்வாய், நான் ஒன்று சொல்வேன், பாதியில் யாராவது ஒருவர் கட் பண்ணிவிடுவோம். முதலில் சொல்ல வேண்டியதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நீ அட்வான்ஸ் கொடுத்து வைத்திருந்த டிக்கோயா வீட்டை நான் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். உன்னைக் கேட்காமல் சொன்னேன். கேட்கத்தான் பார்த்தேன், போன் அடித்து அடித்து நின்றது. சனிக்கிழமை தாண்டினால் அட்வான்ஸ் திரும்பி வராது என்று நீதானே கையெழுத்துப் போட்டிருந்தாய். கோபப்படு, ஆனால் கடைசிவரை படித்துவிட்டுக் கோபப்படு.

போன ஞாயிற்றுக்கிழமை நீ கொழும்புக்குக் கிளம்பிப் போனதிலிருந்து எனக்கு எதுவும் சரியாக ஓடவில்லை. இத்தனை வருஷக் கண்டக்டர், பஸ் நோர்வூட்டில் நிற்கும்போது மஸ்கெலியா வந்துவிட்டது என்று கத்தியிருக்கிறேன். ஒரு அம்மா பாதி இறங்கிவிட்டு, பிறகு என்னைத் திட்டிக்கொண்டே ஏறினாள். டிரைவர் திரும்பிப் பார்த்து, உடம்புக்கு என்ன என்றான். உடம்புக்கு ஒன்றுமில்லை. நீ படியில் நின்று செருப்பை மாட்டிக்கொண்டே, தலையைக்கூடத் தூக்காமல் சொன்னாயே, "நான் படிச்சதுதாம்ப்பா தப்பு. படிக்காம ஹட்டன்ல ஏதாவது கடையில நின்னிருந்தா இந்நேரம் எவன்கிட்டயும் கடன்காரனா இருந்திருக்க மாட்டேன்" என்று. அது பஸ்ஸிலும் கேட்கிறது, வீட்டிலும் கேட்கிறது. அம்மா காலையில் தோட்டத்தில் பேர் கொடுக்கப் பெரட்டுக்குப் போகும்போது அதையே நினைத்துக்கொண்டு போகிறாள் என்று அவள் நடையிலேயே தெரிகிறது.

நீ ஏன் அந்த வீட்டின் மேல் அவ்வளவு ஆசை வைத்தாய் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. ஆஸ்பத்திரிக்கு நடந்து போகிற தூரம், நீ கட்டிக்கொள்ளப்போகும் தர்ஷினிக்கு டியூட்டிக்குப் போய்வரச் சுகம். மூன்று அறை, பின்னால் கொய்யா மரம், குழாயில் தண்ணீர். இதெல்லாம் நீ சொன்ன காரணம். நீ சொல்லாத காரணம் ஒன்று இருந்தது. பெண் பார்க்கப் போன அன்று தர்ஷினியின் அப்பா உன்னைப் பார்த்து, "கல்யாணத்துக்குப் பிறகு பிள்ளைய எங்க வைப்பீங்க?" என்று கேட்டார். அவர் சும்மாதான் கேட்டார் என்று நான் நினைத்தேன். உன் முகம் சட்டென்று மாறியதை அப்போதே பார்த்தேன். ஹட்டன் பசாரில் கடை வைத்திருப்பவர், தோட்டத்து லயத்தில் பிறந்தவனைப் பார்த்து அப்படிக் கேட்டால் அதற்கு வேறு அர்த்தம் இருக்கும் என்று நீ எடுத்துக்கொண்டாய். உன் தாத்தாவும் நானும் ஆயுசு முழுக்க இருந்த வீடு தோட்டத்தின் வீடு. எங்கள் பெயரில் ஓர் உறுதிப் பத்திரம் எங்கும் கிடையாது. கல்யாணத்துக்கு முந்தியே உன் பெயரில், உன் பெயரில் மட்டும், ஒரு வீடு வேண்டும் என்று நீ ஓடியது அதனால்தான். உன்னை நான் குறை சொல்லவில்லை. நானும் ஆசைப்பட்டேன். பஸ் அந்த இடத்தைக் கடக்கும்போதெல்லாம் குனிந்து, அந்தச் சுவரை ஒருமுறை பார்த்துக்கொள்வேன்.

வங்கிக்கு உன்னோடு வந்த அன்று நான் பெருமையாகத்தான் வந்தேன். சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வந்தேன். என் மகன் வீட்டுக்கடன் கேட்கப் போகிறான் என்று வழியில் இரண்டு பேரிடம் சொல்லிவிட்டும் வந்தேன். அந்த அதிகாரி நல்ல மனிதர், நம்மை அவமானப்படுத்தவில்லை, அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது. உன் சம்பளத்தில் அடிப்படைச் சம்பளத்தையும் நிரந்தரமான கொடுப்பனவையும் மட்டும்தான் எடுப்போம், ஓவர்டைம் காசைச் சேர்க்க மாட்டோம் என்றார். அந்தச் சம்பளத்தில் இவ்வளவு பங்குதான் எல்லாக் கடன் தவணைக்கும் சேர்த்துப் போகலாம், அதற்கு மேல் போனால் நீங்கள் சாப்பிடுவது எப்படி என்று கேட்டார். உன் படிப்புக் கடன் தவணை அந்தப் பங்கில் பெரும்பகுதியை ஏற்கனவே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது. மிச்சத்துக்கு அவர் கணக்குப் பார்த்துச் சொன்ன தொகையில் அந்த வீட்டில் அடுப்பு மூட்டும் குசினியைக்கூட வாங்க முடியாது. அதோடு விடவில்லை. நடுவில் சில மாதம் தவணை கட்டாமல் விட்டிருக்கிறீர்கள், பிறகு கட்டியிருந்தாலும் அது கொஞ்ச வருஷத்துக்குப் பதிவில் இருக்கும் என்றார். நீ தலையைக் குனிந்துகொண்டாய். நான் உன்னைத் திரும்பிப் பார்த்தேன். ஏன் கட்டாமல் விட்டாய் என்று எனக்கு உள்ளுக்குள் கோபம். அந்தக் கோபத்தைத்தான் ஞாயிற்றுக்கிழமை உன்மேல் கொட்டினேன். அதைப் பிறகு சொல்கிறேன்.

அந்தக் கடன் எப்படி வந்தது என்று உனக்குத் தெரியும், ஆனால் முழுதாகத் தெரியாது. பல்கலைக்கழகத்துக்கான வெட்டுப்புள்ளியில் கொஞ்சத்தில் தவறிப்போய் நீ பேசாமல் படுத்துக் கிடந்தாய். தனியார் இடத்தில் டிகிரி செய்யலாம், வங்கி கடன் தரும் என்று உன் மாமாதான் வட்டவளையிலிருந்து கிளம்பி வந்து சொன்னார். பிணைக்கு ஆள் வேண்டும் என்றபோது நான் முன்னால் போய் நின்றேன். பிரைவேட் பஸ் கண்டக்டருக்குச் சம்பளச் சீட்டு ஏது? என் கையெழுத்து அவர்களுக்கு வேண்டாம். அம்மாவின் தோட்டச் சம்பளம் போதாது. மாமா அரசாங்க டீச்சர், அவர் போட்டார். வீட்டில் ஒரு வார்த்தை கேட்டுக்கொண்டு போடு என்று உன் அம்மா, அவருக்கு அக்கா, சொன்னாள். "கேட்டா யோசிக்கச் சொல்லுவா, யோசிச்சா நாள் போயிரும்" என்று சொல்லிவிட்டுப் போட்டார். மாமிக்கு அன்று சாயந்தரம்தான் தெரியும்.

இப்போது உன் திட்டத்துக்கு வருகிறேன். ஹட்டனில் வட்டிக்கு வாங்கி, படிப்புக் கடனை ஒரே அடியாக அடைத்துவிடுவது. வங்கி பார்க்கும்போது கடன் ஒன்றும் இருக்காது. வீட்டுக்கடன் கிடைத்த பிறகு வட்டிக்காரனுக்கு மெதுவாகக் கட்டுவது. அது சரிவராவிட்டால் மாமாவை இன்னொரு கையெழுத்துப் போடச் சொல்வது. ஞாயிற்றுக்கிழமை இதைச் சொல்லும்போது உன் கால் ஆடிக்கொண்டே இருந்தது. நான் கத்தினேன். ஒழுங்காகத் தவணை கட்டத் தெரியாதவனுக்கு வீடு எதற்கு என்றுகூடச் சொன்னேன். நீ எழுந்துவிட்டாய். அதற்குப் பிறகு நடந்தது உனக்குத் தெரியும்.

ஆனால் நீ போன பிறகு எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. வட்டிக்கு வாங்குவதைவிட மாமாவிடம் கேட்பது மேல் என்று தோன்றிவிட்டது. புதன்கிழமை டியூட்டியை இன்னொருவனுக்கு மாற்றிக் கொடுத்துவிட்டு ரயிலேறி வட்டவளைக்குப் போனேன். நல்ல மழை. மாமா பள்ளிக்கூடத்திலிருந்து இன்னும் வரவில்லை. மாமி தேத்தண்ணி ஊற்றிக்கொடுத்தாள். அவர்கள் மகள் நிரோஷா உள்ளே இருந்தாள், வெளியே வரவில்லை. எப்போதும் என்னைக் கண்டதும் ஓடிவருகிற பிள்ளை. ரிசல்ட் வந்துவிட்டதே, பிள்ளை அடுத்து என்ன செய்யப்போகிறாள் என்று மாமியிடம் கேட்டேன். மாமி என்னைப் பார்த்த பார்வையில் சொல்வதா வேண்டாமா என்ற தயக்கம் இருந்தது. பிறகு மெதுவாகச் சொன்னாள். நிரோஷாவுக்குப் பிசியோதெரபி படிக்க இடம் கிடைத்திருக்கிறது. மாமா கடன் கேட்டுப் போயிருக்கிறார். நீங்கள் ஏற்கனவே ஒருவருக்குப் பிணை நிற்கிறீர்கள், அவர் இடையில் தவணை தவறியும் இருக்கிறார், அதையும் உங்கள் கடனைப்போலத்தான் நாங்கள் பார்க்க வேண்டும் என்று சொல்லி அனுப்பிவிட்டார்களாம்.

"ஒங்ககிட்ட சொல்லக்கூடாதுன்னு சொல்லியிருக்காரு அண்ணே. அவன் கல்யாணம் முடியட்டும்னு சொன்னாரு."

நான் தேத்தண்ணியைக் குடித்தேனா என்று ஞாபகமில்லை. மாமா வந்தார், குடையை மடித்து வைத்தார், மச்சான் எப்ப வந்தீங்க என்று சிரித்தார். உன் கல்யாண வேலையெல்லாம் எப்படிப் போகிறது என்று விசாரித்தார். நான் சும்மா இந்தப் பக்கம் வந்தேன் என்று பொய் சொன்னேன். கையெழுத்தைப் பற்றி நான் வாயைத் திறக்கவில்லை. அவரும் திறக்கவில்லை. திரும்பி வரும் ரயிலில் உட்கார இடமிருந்தும் நின்றுகொண்டே வந்தேன்.

மறுநாள் காலையில் டிக்கோயாவில் தர்ஷினி பஸ் ஏறினாள். டியூட்டி முடிந்து ஹட்டனுக்குப் போக வேண்டியவள், எதிர்ப்பக்கம் போகும் என் பஸ்ஸில் ஏறினாள். டிக்கெட் வேண்டாம் என்றேன், பிடிவாதமாக எடுத்தாள். சிவனொளிபாத மலை சீசன் இல்லாததால் பஸ்ஸில் கூட்டமில்லை. மஸ்கெலியாவில் ஆட்கள் இறங்கும்வரை காத்திருந்தாள். பிறகு, அவர் என் போனையும் எடுக்கவில்லை மாமா, என்ன நடந்தது என்று கேட்டாள். நான் சொன்னேன். எல்லாவற்றையும் சொன்னேன், நீ தவணை கட்டாமல் விட்டதால் வந்த வினை என்பதையும் சேர்த்துச் சொன்னேன். அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அப்படியே வெளியே பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"மாமா, நான் சொல்றது அவருக்குத் தெரியக்கூடாதுதான். ஆனா நீங்க தப்பா நெனச்சுக்கிட்டு இருக்கக்கூடாது. டீசல் இல்லாம பஸ்ஸெல்லாம் நின்னுச்சே, அந்த நேரம் அவருக்கும் கம்பெனியில பாதிச் சம்பளந்தான். அதை அப்படியே வீட்டுக்கு அனுப்பிட்டாரு. அந்த மாசங்கதான் கட்டாம விட்டது."

தம்பி, அந்த மாதங்களை நான் மறக்கவில்லை. பஸ் டீசல் வரிசையில் நின்றது, நான் வீட்டில் நின்றேன். பணம் அனுப்பியிருக்கிறேன் என்று நீ போன் பண்ணுவாய். உனக்கு இருக்கிறதா என்று நான் கேட்பேன். தாராளமாக இருக்கிறது என்பாய். அந்தத் தாராளத்தை நான் நம்பினேன், ஏனென்றால் நம்பினால்தான் அரிசி வாங்க முடியும். நாங்கள் சாப்பிட்டது உன் பெயரில் பிழையாக எழுதப்பட்டிருக்கிறது. அந்தப் பிழையை வைத்து நானே உன்னைத் தவணை கட்டத் தெரியாதவன் என்று சொல்லியிருக்கிறேன். மன்னிப்புக் கேட்பதென்றால் எப்படிக் கேட்பது என்று எனக்குத் தெரியவில்லை. அப்பாக்களுக்கு அந்தப் பழக்கம் இல்லை. இந்த இடத்தில் எழுதுவதை நிறுத்திவிட்டு வெளியே போய், தண்ணீர் பிடிக்கும் பைப்படி வரைக்கும் நடந்துவிட்டு வந்தேன். வந்து பார்த்தால் அதே வரிதான் இருக்கிறது. இருக்கட்டும்.

படித்தது தப்பு என்றாயே, அதற்கும் பதில் சொல்லிவிடுகிறேன். பாதிச் சம்பளமாக இருந்தாலும் அது படித்த வேலையின் சம்பளம். அதுதான் அந்த வருஷம் இந்த லயத்தில் எங்கள் அடுப்பை எரித்தது. நீ கடையில் நின்றிருந்தால் அந்தக் கடையும் அன்று மூடித்தான் இருந்திருக்கும். கடன் பாரமானதுதான். ஆனால் அது எதற்காக வாங்கப்பட்டதோ அந்த வேலையைச் செய்துவிட்டது. எல்லாக் கடனும் அப்படிச் செய்வதில்லை.

வெள்ளிக்கிழமை தர்ஷினி லீவு போட்டாள். இரண்டு பேரும் அந்த வங்கி அதிகாரியிடம் மறுபடி போனோம். உன் கணக்கைப் பற்றி எங்களிடம் பேச மாட்டேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டார், சரிதானே. பொதுவாகக் கேளுங்கள், சொல்கிறேன் என்றார். தர்ஷினி கேட்டாள், நான் கேட்டுக்கொண்டிருந்தேன். வட்டிக்கு வாங்கிப் பழைய கடனை அடைத்தால் என்ன என்று அவள் கேட்டதும் அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். இவ்வளவு பணம் திடீரென்று எங்கிருந்து வந்தது என்று நாங்கள் கேட்போம், பதில் இல்லாவிட்டால் விண்ணப்பம் அங்கேயே நின்றுவிடும், மறைத்துவிட்டால் அதைவிட மோசம், ஒரே சம்பளத்தில் வட்டியும் வீட்டுத் தவணையும் கட்ட முடியாமல் வீடே போய்விடும் என்றார். பிறகு அவர் சொன்னதை உனக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். வீட்டுக்கு முதல் பணமாகக் கையில் வைத்திருப்பதைப் படிப்புக் கடனில் போட்டால், கடன் மிகவும் குறைந்துவிடும். தவணையைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கேட்கலாம். தவறாமல் கட்டிக்கொண்டு வந்தால் பழைய தாமதத்துக்கு மெதுவாக மதிப்புக் குறையும். கல்யாணத்துக்குப் பிறகு கணவன் மனைவி இரண்டு பேரும் சேர்ந்து விண்ணப்பித்தால் இரண்டு சம்பளத்தையும் பார்ப்பார்கள். பிணை நின்றவரின் பாரமும் கடன் குறையக் குறைய இறங்கும், அவர் தன் மகளுக்காக மறுபடி வந்து கேட்கலாம், கிடைக்கும் என்று இப்போதே வாக்குத் தர முடியாது, ஆனால் கேட்கலாம் என்றார்.

வெளியே வந்ததும் தர்ஷினி சொன்னாள், சேர்ந்து போடலாம் என்று உன்னிடம் அவள் முன்பே இரண்டு மூன்று தடவை சொன்னாளாம், நீதான் பெண் காசில் வீடு வாங்கினான் என்ற பேச்சு வேண்டாம் என்றாயாம். அதை அவள் கோபமாகச் சொல்லவில்லை. எனக்குத்தான் கோபம் வந்தது. அவள் ராத்திரியெல்லாம் வார்டில் நின்று சம்பாதிக்கிற சம்பளம் அது. அதை உன் சம்பளத்தோடு சேர்த்துக்கொள்வதில் உனக்கு என்ன குறைந்துவிடும்?

அங்கிருந்தே நேராக டிக்கோயா வீட்டுக்குப் போனேன். உனக்குக் கடைசியாக ஒருமுறை அடித்துப் பார்த்தேன். வீட்டை விற்கிற அந்தச் சிங்கள டீச்சர் வாசலில் பெட்டி கட்டிக்கொண்டிருந்தார். கண்டியில் மகனோடு போய் இருக்கப்போகிறவர், அவருக்கும் அவசரம். சிங்களத்தில் விஷயத்தைச் சொன்னேன். வங்கியில் கிடைக்கவில்லை, என் மகனால் இப்போது வாங்க முடியாது என்றேன். வேறு ஆட்கள் கேட்டு வைத்திருக்கிறார்கள் என்றார். உள்ளே போய்ப் பணத்தைக் கொண்டுவந்து முழுதாகக் கொடுத்துவிட்டார். வரும்போது அந்தச் சுவரை நான் திரும்பிப் பார்க்கவில்லை. அந்த வீடு நமக்கு இல்லை, தம்பி. இதைப் படிக்கும்போது உனக்கு எப்படி இருக்கும் என்று தெரிந்துதான் எழுதுகிறேன்.

இன்னொன்றும் செய்துவிட்டேன். அதையும் உன்னைக் கேட்கவில்லை. நேற்று தர்ஷினியின் அப்பா கடைக்குப் போனேன். போகாமல் இருந்தால் ஆளுக்கு ஆள் ஒன்று சொல்வார்கள், நான் போய்ச் சொல்வதே மேல் என்று பட்டது. கடையில் ஆட்கள் இருந்தார்கள். அவர்கள் போகும்வரை நின்றேன். பிறகு, "சம்பந்தி, என் மகனுக்கு வீடு இல்லீங்க. படிச்ச கடன் இருக்கு. அது தீர்ற வரைக்கும் வாடகை வீடுதான். ஒங்களுக்குச் சம்மதமில்லன்னா இப்பவே சொல்லிருங்க" என்றேன்.

அவர் தராசைத் துடைத்துக்கொண்டிருந்தார். அதை வைத்துவிட்டு ஸ்டூலை இழுத்து என்னை உட்காரச் சொன்னார்.

"இந்தக் கடையே எனக்கு வாடகைதாங்க. எங்கப்பா காலத்துலருந்து வாடகைதான். அன்னைக்கு நான் கேட்டது வீடு இருக்கான்னு இல்லீங்க. பிள்ளைய கொழும்புக்குக் கூட்டிட்டுப் போயிருவாரோன்னுதான் கேட்டேன்."

பார்த்தாயா? ஒரு கேள்வியை நீ ஒருமாதிரி எடுத்துக்கொண்டாய், நான் ஒருமாதிரி எடுத்துக்கொண்டேன். அவர் கேட்டது வேறு. அதற்காக எவ்வளவு தூரம் ஓடிவிட்டோம்.

அட்வான்ஸ் பணம் அம்மாவின் அலுமாரியில் இருக்கிறது. அது உன் பணம், நான் தொடமாட்டேன். நீ சேர்த்து வைத்ததோடு அதையும் சேர்த்துப் படிப்புக் கடனில் போடு என்று சொல்லத்தான் இவ்வளவும் எழுதினேன். போட்டால் வீடு வாங்கும் நாள் தள்ளிப்போகும். எவ்வளவு தள்ளிப்போகும் என்று எனக்குத் தெரியாது, அதற்குள் விலையும் ஏறிவிடலாம். சரியான வழி இதுதான் என்று அடித்துச் சொல்லும் தைரியம் எனக்கில்லை. ஆனால் வட்டிக்காரன் வீட்டு வாசலுக்கு மட்டும் போகாதே. மாமாவுக்கு ஒரு போன் போடு. கடனைப் பற்றி நீயாகவே பேசு, அவர் பேசமாட்டார். நிரோஷாவிடமும் பேசு. அவள் உன்மேல் கோபமாக இல்லை, உனக்கு வருத்தமாகிவிடும் என்றுதான் உள்ளேயே உட்கார்ந்திருந்தாளாம்.

தர்ஷினி ஆஸ்பத்திரிக்குக் கிட்ட இரண்டு வாடகை வீடு பார்த்து வைத்திருக்கிறாள். ஒன்று ரோட்டுப் பக்கம், ஒன்று மேலே தேயிலை ஓரம். நான் வந்து பார்க்கவா என்று கேட்டேன். வேண்டாம் மாமா, நாங்களே பார்த்துக்கொள்கிறோம் என்றாள். அவள் அப்படிச் சொன்னது எனக்கு நன்றாகத்தான் இருந்தது. வருகிற சனிக்கிழமை காலை ரயிலில் வந்து ஹட்டனில் இறங்கினால், ஸ்டாண்டில் என் பஸ் நிற்கும். ஏறிக்கொள். பேச வேண்டாம் என்றால் பின்சீட்டில் உட்கார், நான் அந்தப் பக்கம் வரமாட்டேன். ஆஸ்பத்திரி வாசலில் அவள் நின்றுகொண்டிருப்பாள். நான் மணி அடிக்கிறேன், நீ இறங்கிக்கொள். நம் வீட்டுக்கு மறுநாள் வந்தால் போதும்.

அப்பா